பிரிந்த பிறகு பிள்ளையின் மருத்துவச் செலவு யாருடையது?



1929 பிப்ரவரியில், இதோ பக்கத்தில் இருக்கும் செங்கல்பட்டில்தான் முதல் சுயமரியாதை மாகாண மாநாடு நடந்தது. சாதிப் பட்டத்தை விடச் சொன்ன தீர்மானம் எல்லோருக்கும் தெரியும். ஒத்துவராத திருமணத்திலிருந்து கணவனும் மனைவியும் விலகிக்கொள்ளும் உரிமையையும் அதே மாநாடு கேட்டது. விலகும் உரிமையைப் பற்றி நாம் நிறையப் பேசிவிட்டோம். விலகிய பிறகு குழந்தைக்கு வலிப்பு வந்தால் செலவு யார் தலையில் என்பதைப் பேசுவதில்லை.

சாதி மறுப்புத் திருமணம் முறியும்போது நிலைமை இன்னும் மோசம். பையனுக்குப் பெற்றோர் வீட்டுக் கதவு திறந்துவிடுகிறது. பெண்ணுக்குப் பெரும்பாலும் திறப்பதில்லை. பிள்ளையைப் பற்றிக் கேட்டால், “அது அவங்க சாதிப் பிள்ளை, அவங்களே பாத்துக்கட்டும்” என்கிறார்கள். திருமணத்தைப் பதிவு செய்யவில்லையே என்பது அடுத்த சாக்கு. பிள்ளையின் ஜீவனாம்சத்துக்குச் சட்டம் அதைப் பார்ப்பதில்லை. பழைய 125ஆவது பிரிவு, 2024 ஜூலை முதல் புதிய சட்டத்தின் 144ஆவது பிரிவு, இரண்டுமே திருமணத்துக்குள் பிறந்தாலும் வெளியே பிறந்தாலும் பிள்ளையைப் பராமரிக்கும் கடமையைத் தகப்பன் மீது வைக்கின்றன. இது எல்லா மதத்தாருக்கும் பொருந்தும்.

அம்பேத்கர் கொண்டுவந்த இந்துச் சட்டத் தொகுப்பு மசோதாவை முடக்கினார்கள். 1951இல் அவர் அமைச்சர் பதவியைத் துறந்தார். பிறகு அது துண்டு துண்டாக நிறைவேறியதில் ஒரு துண்டு, 1956இன் தத்தெடுப்பு மற்றும் ஜீவனாம்சச் சட்டம். ஜீவனாம்சம் என்றால் சோறும் துணியும் மட்டுமல்ல, மருத்துவமும்தான் என்று அதில் எழுதியே இருக்கிறது. கடமை தாய், தகப்பன் இருவருக்கும் உண்டு என்கிறது. எந்த விகிதத்தில்? பத்மஜா சர்மா வழக்கில் 2000ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் வருமானத்துக்கு ஏற்ப என்றது. தகப்பனின் சம்பளம் தாயின் சம்பளத்தைப் போல இரு மடங்கு. ஆகவே செலவும் இரண்டுக்கு ஒன்று.

சரிபாதி என்பது கேட்க நியாயமாக இருக்கும். அவன் சிறுசேரியில் 40,000 வாங்குகிறான், அவள் கிழக்குக் கடற்கரைச் சாலை ரிசார்ட்டில் அறை துடைத்து 10,000 வாங்குகிறாள் என்று வைத்துக்கொள்வோம். மருத்துவமனை பில் 20,000. சரிபாதி போட்டால் அவளுடைய ஒரு மாத உழைப்பு முழுதும் போச்சு. அவனுக்குக் கால் மாதம். வருமான விகிதப்படி அவனுக்கு 16,000, அவளுக்கு 4,000.

செங்கல்பட்டு அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் பார்த்தால் செலவே இல்லையே என்பார்கள். பத்து நாள் கட்டிலருகே உட்கார்ந்திருப்பது யார்? போகாத நாளுக்குக் கூலி கிடையாது. அந்தப் பத்து நாள் கூலியையும் பேருந்துக் காசையும் கணக்கில் ஏற்றுங்கள் என்பேன். நீதிமன்றம் ஒப்புக்கொள்ளுமோ கொள்ளாதோ, கேட்காமல் எதுவும் கிடைத்ததில்லை.

முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டத்தில் குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் வரை உண்டு. அதற்கு ரேஷன் அட்டை வேண்டும். பிரிந்து வந்தவளின் பெயரும் பிள்ளையின் பெயரும் அவன் வீட்டு அட்டையில் கிடக்கும், அட்டை மாமியாரின் பெட்டியில் இருக்கும். விவாகரத்து வழக்கு மெதுவாக நடக்கட்டும், பெயர் மாற்றத்துக்கு இன்றே மனு கொடுங்கள்.

இந்தக் கரையில் இன்னொரு சிக்கல். சிற்பப் பட்டறையில் கல் செதுக்குகிறவருக்கும் ஃபைபர் படகில் பங்கு வாங்குகிறவருக்கும் சம்பளச் சீட்டு கிடையாது. “எனக்கு வருமானமே இல்லை” என்று சொல்லிவிடலாம். 2020 நவம்பரில் ரஜ்னேஷ் – நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும் என்றது. மனு போட்ட தேதியிலிருந்தே ஜீவனாம்சம் கணக்காகும் என்றும் சொன்னது. வாய்தா வாங்கி இழுத்தால் அவன் பாக்கிதான் ஏறும்.

மாதத் தொகையோடு விட்டுவிடாதீர்கள். காய்ச்சல் மாதக் கணக்குப் பார்த்து வருவதில்லை. மருத்துவச் செலவு தனி, இன்ன விகிதம், பில் அனுப்பி இத்தனை நாளுக்குள் பணம் என்று உத்தரவிலேயே கேளுங்கள்.

ஆண் தோழர்களுக்கு ஒன்று. “பிள்ளையைப் பார்க்க விடவில்லை, அதனால் தரமாட்டேன்” என்று இயக்கத்துக்குள்ளேயே கேட்கிறேன். பார்க்க விடவில்லை என்றால் அதற்குத் தனி மனு போடுங்கள். இன்ஹேலரை அதற்குப் பிணையாகப் பிடித்து வைக்காதீர்கள்.

1987ஆம் ஆண்டுச் சட்டப்படி பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், சட்ட உதவி இலவசம். வழக்கறிஞர் தோழர்கள் இருவர் பின்வரிசையில் இருக்கிறார்கள். பில்களைக் கொண்டுவந்திருப்பவர்கள் கூட்டம் முடிந்ததும் அவர்களைப் பாருங்கள்.