துப்பறியும் நாவலும் மைபோட்டுப் பார்ப்பதும்

(புதூரில் வாசகசாலைத் தோழர்கள் கூட்டிய கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவு)



இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட விஷயம் துப்பறியும் நாவல். இவ்வளவு பேர் கூடியுள்ள இடத்தில் கொலைக் கதையைப் பற்றியா பேசுவது என்று சிலர் நினைக்கலாம். ஆனால் இந்த வாசகசாலையில் எந்தப் புத்தகத்தின் அட்டை முதலில் கிழிகிறது என்று பாருங்கள். பண்டிதர்கள் மெச்சும் புத்தகங்கள் புதுக்கருக்கு மாறாமல் அலமாரியில் இருக்கின்றன. துப்பறியும் நாவலோ அட்டை போய், முதல் பக்கம் போய், கை மாறி மாறி அலைகிறது. புராணப் பிரசங்கத்தில் பத்து நிமிஷத்தில் தூங்கிப்போகிற மனிதன், பகலெல்லாம் பருத்திக் காட்டில் உழைத்துவிட்டு வந்தும், இந்த நாவலைக் கையில் எடுத்தால் நடுச்சாமம் வரை கண் மூடுவதில்லை. அதில் அப்படி என்னதான் இருக்கிறது? அதைத்தான் நாம் யோசிக்க வேண்டும்.

இது நமக்கு நேற்று வந்த பழக்கமல்ல. அமெரிக்காவில் எட்கர் ஆலன் போ என்பவர் 1841லேயே இத்தகைய கதையைத் தொடங்கி வைத்தார். இங்கிலாந்தில் கானன் டாயில் 1887இல் ஷெர்லக் ஹோம்ஸ் என்ற துப்பறிவாளனை உண்டாக்கினார். தமிழில் 1894இலேயே நடேச சாஸ்திரி 'தானவன்' என்ற துப்பறியும் கதையை வெளியிட்டார். பின்பு ஆரணி குப்புசாமி முதலியார் ஆங்கில நாவல்களைத் தழுவி எழுதிக் குவித்தார். ஜே.ஆர். ரங்கராஜு 1908இல் 'இராஜாம்பாள்' எழுதித் துப்பறியும் கோவிந்தனை வீட்டுக்கு வீடு தெரிந்தவனாக்கினார். வடுவூர் துரைசாமி ஐயங்கார் திகம்பர சாமியாரைப் படைத்தார். அவர்களுக்குப் பின் தமிழ்வாணனின் சங்கர்லால், சுஜாதாவின் கணேஷும் வசந்தும், கோயம்புத்தூர் ராஜேஷ்குமாரின் ஆயிரத்து ஐந்நூறுக்கு மேற்பட்ட நாவல்கள் என்று பஸ் நிலையத்துப் பெட்டிக்கடை வரையில் இது வந்து சேர்ந்தது. நூற்றாண்டுக்கு மேலாக ஜனங்கள் தம் காசைக் கொடுத்து வாங்கிப் படித்த ஒன்றைக் குப்பை என்று ஒரு வார்த்தையில் தள்ளிவிடுவது அறிவுடைமை ஆகாது.

முதலாவது, புராணம் கேட்கிறவனுக்கு முடிவு முன்னமே தெரியும். இராவணன் சாவான், இராமன் பட்டம் சூடுவான். கேட்கிறவன் தலையாட்டுவதைத் தவிர அங்கே செய்யக்கூடிய வேலை ஒன்றுமில்லை. துப்பறியும் நாவலோ முதல் பக்கத்திலேயே ஒரு கேள்வியைப் போட்டுவிட்டு, விடையைக் கடைசிப் பக்கத்தில் ஒளித்து வைக்கிறது. கதவு உள்ளே தாழிட்டிருக்கிறது. உள்ளே ஒருவன் செத்துக் கிடக்கிறான். கொன்றவன் எப்படி வெளியே போனான்? இதைக் கேட்ட பிறகு எவனுடைய புத்தியும் சும்மா இருக்காது. அவன் வாசகனாக இருப்பதை விட்டுத் தானே துப்பறிய ஆரம்பித்து விடுகிறான். அந்த வேலையைக் கொடுப்பதுதான் அவனைத் தூங்கவிடாமல் செய்கிறது.

இரண்டாவது, இந்த நாவலில் காரணமில்லாமல் ஒன்றும் நடக்காது. இதைச் சட்டமாக எழுதி வைத்தவர் யார் தெரியுமா? நம்மைப் போன்ற நாஸ்திகரல்ல. ரோனால்ட் நாக்ஸ் என்ற கத்தோலிக்கப் பாதிரியார்! அவர் 1929இல் துப்பறியும் கதைக்குப் பத்து விதிகள் எழுதினார். அவற்றில் ஒன்று, இயற்கைக்கு மேற்பட்ட சக்தி எதுவும் கதைக்குள் வரவே கூடாது என்பது. கோவிலில் கடவுளைக் கும்பிட்ட பாதிரியாரே கொலைக் கதைக்குள் மட்டும் அவரை அனுமதிக்கவில்லை. ஏன்? கொலையைப் பேய் செய்தது, கொலைகாரனைத் தெய்வம் காட்டிக் கொடுத்தது என்று எழுதினால், படிக்கிறவன் தன்னை ஏமாற்றிவிட்டதாகப் புத்தகத்தை வீசிவிடுவான் என்று அவருக்குத் தெரியும். திருநீறு பூசியவனும் நாமம் போட்டவனும் சிலுவை அணிந்தவனும் இந்தப் புத்தகத்தைப் படிக்கும் நேரத்தில் மட்டும் பகுத்தறிவுவாதியாக இருக்கிறான். இது சாதாரண விஷயமா?

கானன் டாயில் 1901, 1902இல் தொடர்கதையாக எழுதிய 'பாஸ்கர்வில் வேட்டைநாய்' இதற்கு நல்ல உதாரணம். ஒரு பெரிய குடும்பத்துக்குச் சாபமாம். வாயில் நெருப்புக் கக்கும் பேய்நாய் வந்து வாரிசுகளைக் கொல்லுமாம். ஊரே நம்புகிறது. ஹோம்ஸ் விசாரித்தால், நாய் சாதாரண நாய். நெருப்பு பாஸ்பரஸ் பூச்சு. சாபம் என்பது சொத்தின்மேல் கண் வைத்த ஒருவனின் சூழ்ச்சி. எந்தச் சாபத்துக்கும் பின்னால் யாருக்கு லாபம் என்று பார்க்கச் சொல்லுகிற கதை இது.

நிற்க, இதை எழுதிய கானன் டாயிலே பின்னாளில் ஆவிகளை நம்பினார். 1917இல் இரண்டு சிறு பெண்கள் தேவதைகளோடு படம் பிடித்ததாகக் காட்டியதை நம்பி, 1922இல் ஒரு புத்தகமும் எழுதினார். காகிதத்தில் கத்தரித்த பொம்மைகள் அவை என்று அந்தப் பெண்கள் கிழவிகளான பிறகு 1983இல் ஒப்புக்கொண்டார்கள். ஹோம்ஸ் கேட்டிருக்கக்கூடிய கேள்வியை ஹோம்ஸைப் படைத்தவர் கேட்கவில்லை. ஆகவே தோழர்களே, கேள்வி கேட்கும் முறையைப் பிடித்துக்கொள்ள வேண்டுமே யல்லாது, எவ்வளவு பெரிய ஆளையும் பிடித்துக்கொள்ளக் கூடாது.

மூன்றாவது, பாத்திரங்கள். ஹோம்ஸை 1893இல் டாயில் சாகடித்தார். படித்தவர்கள் விடவில்லை, 1903இல் மறுபடி உயிரோடு கொண்டுவர வேண்டியதாயிற்று. அகதா கிறிஸ்டி என்ற அம்மையாரின் துப்பறிவாளர் புவாரோ 1975இல் கதையில் இறந்தபோது, நியூயார்க் டைம்ஸ் பத்திரிகை மெய்யான மனிதருக்குப் போடுவதுபோல முதற்பக்கத்தில் மரணச் செய்தி போட்டது. கற்பனை மனிதன்மேல் இவ்வளவு பற்று ஏன்? அவனிடம் மந்திரமில்லை, அவதார மகிமையில்லை. கண்ணும் காதும் மூளையும்தான் உண்டு. அவை நமக்கும் உண்டு. சங்கர்லால் தேநீர் குடித்துக்கொண்டு யோசிக்கிறார். கணேஷுக்குத் தெரியாததை வசந்த் கேலியாகக் கேட்டு வைக்கிறான். பக்கத்தில் ஒரு தோழன் இருந்து, நாம் கேட்க நினைப்பதை நமக்காகக் கேட்கிறான். தேவனைக் கண்டால் கும்பிடத் தோன்றும்; இவனைக் கண்டால் நாமும் இப்படி யோசிக்கலாமே என்று தோன்றும்.

குற்றவாளியும் அப்படித்தான். கோரைப்பல் அரக்கனாக அவன் வந்தால் கதை சப்பென்று போய்விடும். பங்காளிச் சொத்து, கடன், பொறாமை, மானம் போய்விடுமென்ற பயம் என்று நம் வீட்டிலும் உள்ள காரணங்களால் அவன் கெடும்போதுதான் நெஞ்சு படபடக்கிறது. ரங்கராஜுவின் 'சந்திரகாந்தா'வில் ஒரு மடத்தின் பண்டாரச் சன்னதியே ஒழுக்கங் கெட்டவனாக வருகிறான். அது 1936இல் படமாகவும் வந்தது. மேடையில் நின்று நாம் சொன்னால் கல்லெறிந்திருக்கக்கூடியவர்கள்கூட, கதையில் கண்டபோது காசு கொடுத்துப் பார்த்தார்கள்.

நாலாவதுதான் முக்கியமானது. நல்ல துப்பறியும் நாவலில் எல்லோரும் சந்தேகத்துக்கு உரியவர்கள். ஜமீன்தாரும் வக்கீலும் டாக்டரும் பூசாரியும் சமையற்காரனும் ஒரே வரிசையில் நிற்க வேண்டும். பிறப்பைச் சொல்லி ஒருவனும் தப்ப முடியாது. பிறப்பைச் சொல்லி ஒருவனையும் பிடிக்கவும் முடியாது. மலிவான ஆங்கிலக் கதைகளில் சீனாக்காரன் வந்தாலே அவன்தான் வில்லன் என்றொரு வழக்கம் இருந்தது. அதைக் கிண்டல் செய்துதான் நாக்ஸ் பாதிரியார் சீனாக்காரனே கூடாதென்று ஒரு விதி போட்டார்.

ஆனால் நம் நாட்டில் நடந்தது என்ன? 1871இல் வடநாட்டில் தொடங்கிய குற்றப்பரம்பரைச் சட்டம், 1911ஆம் வருஷத்துச் சட்டத்தால் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. கள்ளர், மறவர், குறவர் முதலிய பல வகுப்பாரில் ஏராளமானவர்கள், பிறந்த ஒரே காரணத்துக்காகப் பதிவேட்டில் ஏற்றப்பட்டார்கள். கைரேகை வைக்க வேண்டும். இரவில் போலீசார் கண்முன் இருக்க வேண்டும். எதிர்த்த பெருங்காமநல்லூர் மக்களை 1920 ஏப்ரல் 3ஆம் தேதி சுட்டுத் தள்ளினார்கள். இந்தக் கைரேகை விஷயத்தைச் சற்றுக் கவனியுங்கள். 1897இல் கல்கத்தாவில் கைரேகை நிலையம் வைத்தபோது, ஹேமச்சந்திர போஸ், அஜிஜுல் ஹக் என்ற நம் நாட்டார் இருவர் அதை வகைப்படுத்தும் முறைக்குப் பாடுபட்டார்கள். ஒருவன் ரேகை மற்றொருவனுக்கு இராது என்பதே அதன் அடிப்படை. இன்னான்தான் செய்தான், அவன் அண்டை வீட்டான் செய்யவில்லை என்று பிரித்துக் காட்ட வந்த கருவியைக் கொண்டே, ஊர் முழுவதையும் ஒரே கயிற்றில் கட்டினார்கள்! சட்டம் சென்னை மாகாணத்தில் 1947இல் ஒழிந்தது. மனத்திலிருந்து ஒழிந்ததா?

நம் கரிசல் கிராமத்துக்கே வருவோம். ஒரு வீட்டில் சங்கிலி காணாமற் போகிறது. உடனே என்ன செய்கிறார்கள்? வெற்றிலையில் மை தடவிப் பார்க்கிறவனைத் தேடிப் போகிறார்கள். கோடாங்கியிடம் குறி கேட்கிறார்கள். கோவிலில் காசு வெட்டிப் போடுகிறார்கள். மைக்காரன் புத்திசாலி. வந்தவர் யாரைச் சந்தேகிக்கிறார் என்பதை அவர் வாயிலிருந்தே பிடுங்கிக்கொண்டு, "தெற்குத் தெரு, கறுத்த ஆள்" என்கிறான். தெற்குத் தெருவில் இருப்பவன் யார்? நிலமில்லாதவன், கூலிக்காரன், கேட்க நாதியில்லாதவன். அவன் மகனைக் கட்டிவைத்து அடிக்கிறார்கள். பத்து நாள் கழித்துச் சங்கிலி அடகுக் கடையில் அகப்படுகிறது. வைத்தவர் வீட்டு மருமகப் பிள்ளை! அடிபட்டவனிடம் மன்னிப்புக் கேட்பார் உண்டா? மைக்காரனிடம் கொடுத்த காசைத் திருப்பிக் கேட்பார்தான் உண்டா?

இத்தனைக்கும் துப்பு என்பது நமக்கு அந்நியச் சரக்கல்ல. இந்தச் சீமையில் மாடு களவு போனால், துப்புச் சொல்லுகிறவனுக்குத் துப்புக்கூலி என்று கொடுத்த காலம் உண்டு. திருடனின் கூட்டாளியே அதை வாங்கிக்கொண்டதும் உண்டு. மழை பெய்து ஈரமான கரிசலில் பதிந்த குளம்பைக்கொண்டு எந்தப் பக்கம் மாடு போயிற்றென்று சொல்லத் தெரிந்தவர்கள் நம் பாட்டன்மார். மண்ணைப் பார்த்துத் தடம் கண்டவனின் பேரன், வெற்றிலையைப் பார்த்துத் திருடனைத் தேடுவது வெட்கமல்லவா?

இந்த நாவல்கள் வாலிபர்களுக்குத் திருட்டைக் கற்றுக் கொடுக்கும் என்கிறார்கள் சிலர். திருட்டு நாவலுக்கு முந்தியது. எழுத்துத் தெரியாத காலத்திலும் கன்னக்கோல் இருந்தது. ஆனால் நாம் வேறொன்றைச் சொல்லுகிறோம். நாவலையும் அப்படியே நம்பாதீர்கள். நாவலில் கடைசிப் பக்கத்தில் குற்றவாளி அகப்பட்டே தீருவான், உலகத்தில் அப்படியில்லை. 1944 நவம்பரில் சென்னையில் பத்திரிகைக்காரர் லட்சுமிகாந்தன் குத்தப்பட்டு இறந்தார். தியாகராஜ பாகவதரையும் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனையும் 1945இல் தண்டித்தார்கள். பிரிவி கவுன்சில் வரை போய், 1947இல் விடுதலையானார்கள். குத்தியவன் யாரென்பது இன்றுவரை கதைபோல முடியவில்லை. சாட்சியம் போதாவிட்டால் தெரியவில்லை என்று சொல்லத் துணிய வேண்டும். அந்தத் துணிவு இல்லாத இடத்தில்தான் மைக்காரனும் வதந்தியும் நுழைகின்றன.

ஆகவே தோழர்களே, தாராளமாகப் படியுங்கள். ஆனால் கடைசி அத்தியாயத்துக்கு முன் புத்தகத்தை மூடிவிட்டு, குற்றவாளி இன்னார், அதற்கு அத்தாட்சி இன்னது என்று ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதி வையுங்கள். அத்தாட்சி எழுத முடியாவிட்டால் பெயரையும் எழுதாதீர்கள். பெண்களும் படியுங்கள், படிக்கத் தெரியாதவர்களுக்கு வாசித்துக் காட்டி அவர்களையும் சொல்லச் சொல்லுங்கள். பிறகு ஊரில் ஒரு களவோ கலகமோ நடந்தால், அதே காகிதத்தை எடுங்கள். பார்த்தவன் யார், எந்த நேரம், யாருக்கு லாபம், அத்தாட்சி எங்கே என்று கேளுங்கள். எதிரே நிற்பவன் எந்தத் தெருக்காரன் என்று மட்டும் கேட்காதீர்கள். கொலைக் கதைக்குக் காட்டுகிற நியாயத்தைக் கூலிக்காரன் மகனுக்கும் காட்டுங்கள்.