பஸ்ஸில் நீளும் கையும் நமது மௌனமும்

(அரூர் வட்டாரத் தொழிலாளர் - விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)

தோழர்களே!

கூலி உயர்வுக்காக எத்தனையோ கூட்டங்கள் போட்டிருக்கிறோம். அந்தக் கூலியைச் சம்பாதிக்க நம் பெண்கள் ஏறிப் போகும் பஸ்ஸைப் பற்றி இன்று பேசுவோம்.

காலை பஸ் எப்படி வருகிறதென்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. படியில் தொங்கல், உள்ளே மூச்சுவிட இடமில்லை. 2021 மே மாதம் முதல் சாதாரண டவுன் பஸ்களில் பெண்களுக்குக் கட்டணமில்லை. மில்லுக்கும் களையெடுப்புக்கும் போகிறவர்களுக்கு இது நல்ல மிச்சம். ஆனால் நெரிசலை மறைவாக வைத்துக்கொண்டு சில கைகள் நீளுகின்றன. கேட்டால், 'கூட்டத்தில் தெரியாமல் பட்டுவிட்டது' என்கிறார்கள். தெரியாமல் பட்ட கை உடனே விலகும். திரும்பத் திரும்பப் படுகிற கை தெரிந்தே படுகிற கை!

ஒளிக்காமல் ஒன்றைச் சொல்லுவோம். ஒருநாள் மாலை பஸ்ஸில் ஒரு பெண், "கையை எடுய்யா!" என்று சத்தம் போட்டார். சங்கத்துக்காரர்கள் நாம் நாலு பேர் அதே பஸ்ஸில் இருந்தோம். நாலு பேரும் ஜன்னலுக்கு வெளியே பார்த்தோம். அந்தப் பெண் அடுத்த நிறுத்தத்திலேயே இறங்கி இருட்டில் நடந்தார். மறுவாரம் அவர் வேலைக்கு வரவில்லை, வீட்டில் நிறுத்திவிட்டார்களாம். தொட்டவன் கூலி போகவில்லை. தொடப்பட்டவர் கூலி போயிற்று. முதலாளி கூலியை வெட்டினால் கொடி பிடிக்கிற நாம், இந்த வெட்டுக்கு வாய்மூடி இருந்தோம். வெட்கம் நம்முடையது, அந்தப் பெண்ணுடையதல்ல.

இதை நமக்குக் கற்றுக்கொடுத்தவர்கள் பக்கத்திலேயே இருக்கிறார்கள். 1992 ஜூன் 20 அன்று வாச்சாத்தியில் வனத்துறை, போலீஸ், ரெவின்யூ ஆட்கள் புகுந்தார்கள். 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். 'மானம் போகும்' என்று அவர்கள் மூடி மறைக்கவில்லை. கோர்ட்டில் நின்று சாட்சி சொன்னார்கள். 2011 செப்டம்பர் 29 அன்று தருமபுரி கோர்ட், உயிரோடிருந்த 215 பேரையும் குற்றவாளிகள் என்றது. 2023இல் சென்னை ஹைகோர்ட் அதை உறுதி செய்தது. சர்க்கார் உடுப்பையே எதிர்த்து நின்ற மண்ணில், பஸ்ஸில் ஒரு போக்கிரிக்கு நாம் அஞ்சுவதா?

சட்டமும் இருக்கிறது. 1998இல் சென்னையில் ஆட்டோவில் வந்தவர்களின் சேட்டையால் ஒரு கல்லூரி மாணவி உயிரிழந்தார். அதன் பிறகே தமிழ்நாட்டில் தனிச் சட்டம் பிறந்தது. 2012 நவம்பர் 30 அன்று சுப்ரீம் கோர்ட் இன்னும் தெளிவாகச் சொன்னது: பஸ்ஸில் சேட்டை நடந்து பெண் புகார் சொன்னால், டிரைவரும் கண்டக்டரும் பஸ்ஸை அருகிலுள்ள போலீஸ் ஸ்டேஷனுக்குக் கொண்டுபோக வேண்டும், தவறினால் பர்மிட்டே ரத்தாகும்.

டிரைவரும் கண்டக்டரும் நம்மைப் போன்ற தொழிலாளிகளே. 'டிரிப் தாமதமாகும்' என்று அவர்கள் தயங்கினால், 'நாங்கள் காத்திருக்கிறோம், வண்டியைத் திருப்புங்கள்' என்று பயணிகள் சொல்ல வேண்டும். புகார் எழுத அந்தப் பெண்ணோடு இரண்டு பேர் சாட்சியாக இறங்க வேண்டும். ஒருநாள் அரைக் கூலி போகலாம், போகட்டும்! 181 என்ற எண்ணை வீட்டுப் பெண்களுக்கெல்லாம் சொல்லிவையுங்கள். வேலை நேரத்துக்குக் கூடுதல் பஸ் கேட்டுக் கையெழுத்து வாங்குவோம். கை நீட்டுகிறவன் நம் சங்கத்தானே ஆனாலும் காப்பாற்றக் கூடாது.

தோழர்களே! மில் கேட்டோடு சங்கம் முடிந்துவிடுவதில்லை. நாளைக் காலை பஸ்ஸில் ஒரு பெண் குரல் எழுந்தால், இரண்டாவது குரல் நம்முடையதாக இருக்கட்டும்!