எதிரணிக்குக் காத்திருந்த பதினைந்து ஆண்டுகள்

(பதுளையில் வாலிபர் கூட்டமொன்றில் நிகழ்த்திய சொற்பொழிவு)



விளையாட்டைப் பற்றி நான்கு வார்த்தை பேசும்படி சங்கத்தார் கேட்டுக்கொண்டார்கள். தேகாப்பியாசம் நல்லது என்று சொல்லிவிட்டு நான் உட்கார்ந்துவிடலாம். அதை மறுப்பவர் இச்சபையில் ஒருவருமில்லை. ஆனால் நமது மலைநாட்டிலேயே, கண்டி மாநகரில் நடந்த ஒரு வரலாறு உண்டு. ஒரு சிறு கல்லூரியின் அணி, வேறொரு பாடசாலையோடு மோதுவதற்குப் பதினைந்து ஆண்டு காத்திருந்த வரலாறு அது. அதைச் சொல்லி, அதிலிருந்து நாம் செய்யவேண்டிய காரியத்தையும் சொல்ல விரும்புகிறேன்.

1891 ஆம் ஆண்டு மே மாதத்தில் லூயிஸ் எட்மண்ட் பிளேஸ் என்னும் ஆசிரியர் கண்டியில் ஒரு பாடசாலையைத் தொடங்கினார். அவர் பறங்கியர் சமூகத்தவர். அப்போது முப்பது வயதும் நிரம்பாதவர். முதல் நாள் வந்த மாணவர் 11 பேர். அப்பாடசாலையே 1898 இல் கிங்ஸ்வூட் கல்லூரி என்று பெயர் பெற்றது. தொடங்கிய அந்த வருடத்திலேயே பிளேஸ் அவர்கள் றகர் என்று நாம் சொல்லும் றக்பி உதைபந்தாட்டத்தைத் தம் மாணவருக்குப் பழக்கினார். இலங்கைப் பாடசாலைகளில் அவ்வாட்டம் கால் வைத்தது அங்கேதான்.

இங்கே ஒரு கணக்கைக் கவனியுங்கள். றகர் அணிக்கு வேண்டியவர் 15 பேர். பாடசாலை திறந்த அன்று வந்தவரோ 11 பேர். ஓர் அணிக்கே ஆள் போதாத இடத்தில் அவ்விளையாட்டு விதைக்கப்பட்டது. எல்லாம் கைகூடிய பின்னர் தொடங்குவோம் என்று அவர் இருந்திருந்தால், அது தொடங்கியே இராது.

பின்னர் மாணவர் பெருகினர், அணியும் அமைந்தது. ஆனால் எதிரணி எங்கே? அக்காலத்தில் இந்நாட்டில் றகர் ஆடியவர் பெரும்பாலும் வெள்ளைக்காரப் படைவீரரும், வர்த்தகரும், தோட்டத்துரைமாருமே. வேறு எந்தப் பாடசாலையும் அதை எடுத்துக்கொள்ளவில்லை. கடைசியில் 1906 ஆம் ஆண்டு கண்டி திரித்துவக் கல்லூரி முன்வந்தது. அது பிளேஸ் அவர்கள் தாம் படித்த கல்லூரி. போகம்பரையில் இரு கல்லூரிகளும் சந்தித்தன. இலங்கையில் இரு பாடசாலைகள் மோதிய முதல் றகர் போட்டி அதுவே. ஒரு ட்ரைக்கு இன்று 5 புள்ளி. அன்று 3 புள்ளிதான். முடிவில் இரு பக்கத்துக்கும் 6 புள்ளிகள். வெற்றி தோல்வியின்றி ஆட்டம் கலைந்தது.

இந்த முடிவை நான் பல தடவை எண்ணிப் பார்த்ததுண்டு. ஒரு பக்கம் பதினைந்து ஆண்டுப் பழக்கம். மறு பக்கம் அவ்வாண்டிலே ஆடப் புகுந்தவர்கள். இருந்தும் சமநிலை. என் எண்ணத்தில் காரணம் இதுதான்: தமக்குள்ளேயே ஆடிக்கொண்டிருப்பவனுக்குத் தன் அளவு தெரியாது. எதிரே நிற்பவன்தான் நம் பலத்தையும் பலவீனத்தையும் நமக்குக் காட்டுகிறான். ஆகவே எதிரணி நமக்குப் பகையன்று, ஆசான்.

கிங்ஸ்வூட் அன்று திறந்த பாதை நெடுந்தூரம் சென்றது. 1920 இல் றோயல் கல்லூரியும் திரித்துவக் கல்லூரியும் ஆடத் தொடங்கின. 1945 முதல் அவ்விரண்டும் பிராட்பி கேடயத்துக்காகப் போட்டியிடுகின்றன. ஆயிரக்கணக்கானோர் இன்று அப்போட்டிகளைப் பார்க்கிறார்கள். விதைத்தவர்களுக்குக் கேடயம் கிடைக்கவில்லை; அவர்கள் விதைத்ததனால் மற்றவர்க்குக் கிடைத்தது.

அந்த நாட்களில் நமது ஊவாவின் நிலை என்ன? ரயில் பதுளைக்கு வந்ததே 1924 இல். தோட்டத்துப் பிள்ளைகளுக்குக் கல்வி ஏற்பாடு செய்வது நிர்வாகத்தின் பொறுப்பு என்று சட்டம் சொன்னது 1907 இல். தோட்டப் பாடசாலைகளை அரசாங்கம் ஏற்கத் தொடங்கியதோ 1977 இல். துரைமாருக்குக் கிளப்பும் மைதானமும் இருந்தன. ஊவாவுக்கென்று அவர்களுக்கு ஒரு றகர் அணியும் இருந்தது. லயத்துப் பிள்ளைக்குக் கிடைத்தது லயத்து வாசலும், கந்தல் துணியைச் சுற்றிக் கட்டிய பந்துமே.

விளையாட்டு படிப்பைக் கெடுக்கும், ஆசாரத்தைக் கெடுக்கும் என்ற அச்சமும் பழையதே. அதே 1891 இல் காசுமீரத்துச் சிறீநகரில் டின்டேல் பிஸ்கோ என்ற பாதிரியார் ஒரு தோற்பந்தைக் கொண்டுவந்தபோது, பிராமணப் பிள்ளைகள் தோல் தீட்டு என்று தொட மறுத்தார்கள். அவர் வற்புறுத்தி ஆடவைத்தார். அந்த வற்புறுத்தலை நான் புகழவில்லை. ஆனால் ஆறு ஆண்டு கழித்து, 1897 இல், கொழும்பும் கண்டியும் யாழ்ப்பாணமும் கண்டு சென்னை சேர்ந்த விவேகானந்த சுவாமிகள், உடல் வலிமை இல்லாதவனுக்குக் கீதை விளங்காது, முதலில் பந்தாடுங்கள் என்ற கருத்தை நம் இளைஞருக்கே எடுத்துரைத்தார். இதைப் பெரியோர்கள் நினைவில் வைக்க வேண்டுகிறேன்.

பெரியோர்களின் கவலையையும் நான் அறிவேன். இரண்டு தோட்டத்து அணிகள் ஆடினால் கடைசியில் கைகலப்பாகிறது. ஆட்டம் முடிந்ததும் சிலர் சாராயக் கடைக்குப் போகிறார்கள் என்கிறீர்கள். பொய்யென்று சொல்லமாட்டேன். அதற்கு மருந்து ஆட்டத்தை நிறுத்துவதன்று; நீங்கள் வந்து மைதானத்தின் ஓரத்தில் நிற்பதே. தாத்தாவும் மாமாவும் பார்த்துக்கொண்டிருக்கும் இடத்தில் எந்தப் பையனும் கை ஓங்கத் தயங்குவான்.

ஆகையால் மூன்று காரியங்களைச் சங்கத்தின் முன் வைக்கிறேன்.

முதலாவது, நிலம். மலைச்சரிவில் மட்டமான நிலம் அரிது. கிடைப்பதும் தேயிலைக்கும் கட்டடத்துக்கும் போகிறது. திரித்துவக் கல்லூரி அஸ்கிரியவில் குன்றை வெட்டிச் சமப்படுத்தி, 1915 இல் தன் மைதானத்தைப் பெற்றது. நாமும் தோட்டந்தோறும் ஒரு துண்டு நிலத்தைப் பெரியோர் கையெழுத்தோடு நிர்வாகத்திடம் கேட்போம். கிடைத்தால் சிரமதானத்தால் திருத்துவோம்.

இரண்டாவது, எதிரணி. வருடத்துக்கொருமுறை பக்கத்துத் தோட்டங்களோடு போட்டி நடத்துவோம். நடுவர் இரண்டு தோட்டத்தையும் சேராதவராக இருக்கட்டும். அவர் சொல்லே முடிவு. தங்கைமாருக்கும் அதே மைதானத்தில் நேரம் ஒதுக்கப்படவேண்டும்.

மூன்றாவது, புத்தகம். விளக்கு வைக்கும் நேரத்துக்குமுன் ஆட்டம் முடியவேண்டும், பின்னர் படிப்பு. பள்ளிக்கு வராதவனுக்கு அணியில் இடமில்லை என்று விதி வைப்போம். அப்போது பந்தே பிள்ளையைப் பள்ளிக்கு அழைத்துவரும்.

இளைஞர்களே, முதல் வருடத்தில் நமக்குக் கிண்ணம் கிடைக்காது. பத்து வருடத்திலும் கிடைக்காமற் போகலாம். பதினோரு பிள்ளைகளோடு பதினைந்து பேர் ஆட்டத்தைத் தொடங்கிய அந்த ஆசிரியரை நினைத்துக்கொள்ளுங்கள். வருகிற ஞாயிற்றுக்கிழமை மண்வெட்டியோடு வாருங்கள். பெரியோர்களே, நீங்கள் வந்து இடத்தைக் காட்டுங்கள்.