கடல் ஏன் நீலம்?



கார்டன் ரீச் ஓரமாக ஹூக்ளி ஆறு ஓடுகிறது. ஆற்றுத் தண்ணீர் மண் நிறம். ஆனால் நடுக்கடல் நீலமாக இருக்கிறது. ஏன்?

1921-இல் கப்பலில் போன ஒரு தமிழரும் இப்படித்தான் கேட்டார். அவர் சி.வி. ராமன். 1888-இல் திருச்சியில் பிறந்தவர். வானத்தின் நிறம்தான் கடலில் தெரிகிறது என்று அப்போது சொன்னார்கள். அது மட்டும் காரணம் இல்லை, தண்ணீரும் ஒளியைச் சிதற வைக்கிறது என்று ராமன் காட்டினார்.

ராமன் 1907-இல் கல்கத்தா வந்தார். அரசாங்கக் கணக்கு ஆபீசில் வேலை. பௌபஜாரில் ஓர் அறிவியல் சங்கம் இருந்தது. ஆபீசுக்குப் போகும் முன்பும், வேலை முடிந்த பின்பும் அங்கே ஆராய்ச்சி செய்தார். 1917-இல் அந்த வேலையை விட்டுப் பேராசிரியர் ஆனார். சம்பளம் குறைந்தது. அதற்காக அவர் தயங்கவில்லை.

1928 பிப்ரவரி 28. ஒளி ஒரு பொருளில் பட்டுச் சிதறும்போது, அதில் சிறு பகுதி நிறம் மாறுகிறது என்று கண்டார். இன்று மருந்து அசலா, போலியா என்று பார்க்கவும் இந்த முறை உதவுகிறது.

1913-இல் இதே ஊர் தாகூருக்கு இலக்கிய நோபல் பரிசு கிடைத்தது. 1930-இல் ராமனுக்கு இயற்பியல் நோபல். கூட உழைத்த கே.எஸ். கிருஷ்ணனும் தமிழர். அவருக்குப் பரிசில் பங்கு இல்லை. அவர் பெயரையும் மறக்க வேண்டாம்.

துறைமுக வேலை, தையல் வேலை முடித்துப் படிக்க வருகிறீர்கள். ராமனும் வேலை முடித்துத்தான் போனார். அவரைப்போலக் கேள்வி கேளுங்கள். ஹூக்ளி ஏன் மண் நிறம்? நாளை வந்து சொல்லுங்கள்.