வினை மாண்டால் பெயர் ஊமை

(தமிழ் மன்றக் கூட்டம் ஒன்றில் ஆற்றப்பெற்ற உரை)

 

தமிழ் மன்றத்தில் ஆங்கில வினைச்சொல் ஒன்றன் வரலாறு பேசப்படுவது சிலர்க்கு வியப்பாகத் தோன்றலாம். அடுத்த வீட்டில் விளக்கு அணைந்ததைப் பார்ப்பது அவ்வீட்டாரை எள்ளுதற்கன்று. தம் வீட்டு விளக்கில் எண்ணெய் உளதா என்று பார்த்துக்கொள்ளுதற்கே. அந்நோக்கோடுதான் இவ்வுரை அமைகின்றது.

அவ்வினை ‘விட்’ என்பது. அறிதல் என்பது அதன் பொருள். ஆங்கிலத்தில் எழுதப்பெற்ற வழக்குமன்ற ஆவணங்களைப் படித்தோர் ‘டு விட்’ என்னுந் தொடரைக் கண்டிருப்பர். ஒன்றைப் பொதுவாகச் சொல்லிப் பின்னர் அதனை விரித்துரைக்குமிடத்து, ‘அஃதாவது’ என்னும் பொருளில் அத்தொடர் வரும். அங்கு நிற்கும் ‘விட்’ பெயரன்று, வினையே. ‘இஃது அறியத்தக்கது’ என்று விரிந்து நின்ற தொடர் தேய்ந்து தேய்ந்து இரண்டு சொல்லாய்ச் சுருங்கிற்று. ஓராயிரம் ஆண்டுக்கு முன்னர் அரசனும் உழவனும் நாள்தோறும் வழங்கிய வினை, இன்று உயிரோடிருக்கும் இடம் ஏறத்தாழ அஃதொன்றே. அதனைக் கையாளும் வழக்கறிஞருள்ளும் அது வினையென அறிந்தோர் சிலரே.

அவ்வினையின் அமைப்பு எண்ணிப் பார்க்கத் தக்கது. பழைய ஆங்கிலத்தில் ‘வாட்’ என்றால் ‘அறிவேன்’ என்று பொருள். ஆயினும் வடிவத்தால் அஃது இறந்தகால வினை. ‘கண்டேன்’ என்பதே அதன் முதற்பொருள்; ‘கண்டமையான் அறிவேன்’ என்பது வழிப்பொருள். காண்டற் பொருளுடைய இலத்தீன ‘விதேரே’, அறிதற் பொருளுடைய கிரேக்க ‘ஒய்தா’, வடமொழி ‘வித்’, செருமானிய ‘விசென்’ ஆகிய யாவும் இதனோடு ஒருவேர்ப் பிறந்தன என்று மொழிநூலார் ஒப்புவர். கண்டது அறிந்ததாகும் இந்நெறி தமிழர்க்கும் புதிதன்று. ‘யார் கண்டது?’ என்று ஊர்ப்புறத்தார் வினவும்போது ‘யார் அறிவார்?’ என்பதன்றோ பொருள்?

பழைய ஆங்கிலத்தில் அறிதலைக் குறிக்க மூன்று வினைகள் சிறப்புற்றிருந்தன. ஒரு செய்தியை உண்மையென அறிந்திருத்தல் ‘விட்டன்’. ஆளையோ பொருளையோ இன்னதெனக் கண்டுணர்தல் ‘கினாவன்’. ஒன்றைச் செய்யும் வகை தெரிந்திருத்தலும் ஒருவரோடு பழகியிருத்தலும் ‘குன்னன்’. எல்லைகள் சற்று முன்பின் கலப்பினும் இப்பாகுபாடு இருந்தது. ‘அவன் வந்ததை அறிவேன்’, ‘அவனை இன்னானென உணர்ந்தேன்’, ‘அவனுக்கு நீந்தத் தெரியும்’ என்று தமிழில் மூன்று வினை நிற்பதை இதற்கு ஒருபுடை ஒப்பாகக் கொள்ளலாம்.

அம்மூன்றும் பின்னர் என்னாயின? ‘குன்னன்’ என்பது ‘கேன்’ என மருவி, ‘இயலும்’ என்னும் துணைவினையாய்த் தேய்ந்தது. ‘கினாவன்’ என்பது ‘நோ’ என மருவி, மூவர் பணியையும் தானே ஏற்றது. ‘விட்டன்’ வேலையின்றி வாடியது. ஈண்டு ஒன்றை நடுநிலையோடு சொல்லுதல் வேண்டும். இவ்வினையின் இடத்தைக் கவர்ந்தது பிரெஞ்சுச் சொல்லன்று. உடன்பிறந்த ஆங்கிலச் சொல்லே. மொழியிற் பிறந்த வேறுபாடு ஒன்றைப் பேசுவோரே பேணாது கைவிட்டனர். செருமானியர் ‘விசென்’, ‘கெனன்’ என்னும் இரண்டையும் இன்றளவும் வேறுபடுத்தியே வழங்குகின்றனர். இசுக்காத்துலாந்தில் ‘கென்’ என்னும் வினை இன்னும் மக்கள் நாவில் உள்ளது. இங்கிலாந்திலோ ஒரு வினையே எஞ்சிற்று.

சாவு ஒருநாளில் நேரவில்லை. ‘விட்’ என்னும் வினைக்கு நிகழ்காலத்தில் ‘வொட்’ என்றும், இறந்தகாலத்தில் ‘விசுட்’ என்றும் வடிவங்கள் வந்தன. அறிவித்தற் பொருளில் ‘ஒருவரை விட் செய்தல்’ என்றதோர் ஆட்சியும், ‘இறைவன் அறிவான்’ என்னும் பொருளில் ‘காட் வொட்’ என்றதொரு தொடரும் வழங்கின. சேக்சுபியர் நாடகங்களில் ‘வொட்’ பயில வருகின்றது. 1611இல் வெளிவந்த சேம்சு மன்னன் விவிலிய மொழிபெயர்ப்பிலும் இம்மூன்று வடிவங்களும் உள. பின்வந்த மொழிபெயர்ப்பாளர்கள் அவற்றை நீக்கி ‘நோ’ என்பதையே பெய்தனர். படிப்போர்க்குப் பொருள் விளங்காமையே கரணியம்.

வழக்கற்ற சொல்லைக் கற்றோரும் பிழைபட வழங்குவர் என்பதற்கும் இவ்வினையே சான்று. ‘உறுதியாக’ என்னும் பொருளுடைய ‘இவிசு’ என்றொரு பழஞ்சொல் ஆங்கிலத்தில் இருந்தது. அதன் முதலெழுத்தைத் தன்மை ஒருமையாகிய ‘ஐ’ என்று பிறழக்கொண்டு, எஞ்சியதை அறிதற்பொருள் வினையாக்கி, ‘ஐ விசு’, அஃதாவது ‘நான் அறிவேன்’, என்று பிற்காலப் பாவலர் பலர் எழுதினர். அப்படி ஒரு வினை என்றும் இருந்ததில்லை. தாய்மொழிச் சொல்லையே அயற்சொற்போல் அகரமுதலியில் தேடிப் பிழைபடும் நிலை அது.

இனி, இவ்வினை ஈன்ற பெயர்களைக் காண்போம். பழைய இங்கிலாந்தில் அரசனுக்கு அறிவுரை கூறிய சான்றோர்க்கு ‘விட்டன்’ என்பதே பெயர். அறிந்தோர் என்பது பொருள். அவர்தம் அவை ‘விட்டனகெமோட்’ எனப்பட்டது. 1066ஆம் ஆண்டு தொடக்கத்தில் அரசன் எட்வர்டு மாண்டபோது ஆரால்டை அரசனாகத் தேர்ந்தோர் அச்சான்றோரே. அவ்வாண்டு அக்குதோபர் 14ஆம் நாள் ஏத்திங்சுப் போரில் ஆரால்டு வீழ்ந்தான், நார்மானியர் வென்றனர். அரசவையும் வழக்குமன்றமும் உயர்குடி வாழ்வும் பிரெஞ்சுக்கும் இலத்தீனுக்கும் உரியவாயின. வழக்குமன்றத்தில் ஆங்கிலத்தில் வழக்குரைக்க வேண்டுமென்று சட்டம் பிறந்தது 1362இல். அச்சட்டமும் பிரெஞ்சிலேயே எழுதப்பட்டது! பதிவுகள் இலத்தீனில் இருக்க வேண்டும் என்றும் அது கூறிற்று.

அக்காலத்தே கேண்டர்பரி நகரத் துறவோர் பள்ளியில் மைக்கேல் என்னும் துறவி வாழ்ந்தார். பிரெஞ்சு அறநூல் ஒன்றைக் கென்டுப் பகுதி மக்கள் வழங்கிய ஆங்கிலத்தில் அவர் பெயர்த்தெழுதி, 1340ஆம் ஆண்டு அக்குதோபர்த் திங்களில் முடித்தார். கல்லாதாரும் கேட்டு உணர வேண்டும் என்பது அவர் நோக்கம். அவர்தம் கைப்பட எழுதிய படியே இன்றும் இலண்டனில் பிரித்தானிய நூலகத்தில் உள்ளது. அந்நூலின் பெயர் ‘அயன்பைட் ஆவ் இன்விட்’. ‘அயன்’ என்பது மீள. ‘பைட்’ என்பது கடித்தல். ‘இன்விட்’ என்பது உள்ளறிவு. தீமை செய்தவனை அவனுள்ளே இருக்கும் அறிவு மீண்டும் மீண்டும் கடிக்கும் என்பது கருத்து. பொய்த்தவனை அவன் நெஞ்சே சுடும் என்று வாய்மை அதிகாரத்தில் வள்ளுவர் கூறுவதை இங்கு நினைக்கலாம். அங்கே கடிக்கின்றது, இங்கே சுடுகின்றது. இரண்டும் அவ்வம்மொழி மக்கள் உடலால் உணர்ந்த சொற்கள்.

அந்த ‘இன்விட்’ நிலைத்ததா? இல்லை. பிரெஞ்சு வழிவந்த ‘கான்சயன்சு’ அதன் இடத்தைப் பிடித்தது. ‘உள்ளறிவு’ என்னும் ஆங்கிலச்சொல் சொல்லாத எதையேனும் அவ்வயற்சொல் சொல்லிற்றா? இலத்தீனத்தில் அதனைப் பிரித்தால் ‘உடன்’ என்பதும் ‘அறிதல்’ என்பதுமே எஞ்சும். அங்கும் உள்ளது அறிவே! ஆங்கிலேயர் தம் வீட்டில் இருந்த பொருளைத் தெருவில் எறிந்துவிட்டு, அதே பொருளை அயலூர்ச் சந்தையில் வாங்கி வந்தனர். செருமானியரும் அதே இலத்தீனச் சொல்லை எதிர்கொண்டனர். அவர்கள் அதன் கருத்தை ஏற்று, உருவைத் தம் ‘விசென்’ என்னும் வினையினின்றே வனைந்து ‘கெவிசன்’ என்றனர். இன்று செருமானியச் சிறுவன் அச்சொல்லைக் கேட்கும்போதே அதனுள் அறிதல் இருப்பதை உணர்வான். ஆங்கிலச் சிறுவனோ ‘கான்சயன்சு’ என்னும் சொல்லை நெட்டுருச் செய்தல் வேண்டும். அதனுள் அறிதல் இருப்பதை அவனுக்கு இலத்தீனம் கற்றவரே சொல்லுதல் வேண்டும்.

வினை மாண்டால் பெயர் ஊமையாகும் என்பது இதனாற் பெறப்படும். ‘விட்நெசு’ என்றால் சான்று, சான்று கூறுபவர். அறிந்தவரே சான்று கூறுவர் என்பது அச்சொல்லில் பொதிந்துள்ளது. ஆங்கிலேயருட் பெரும்பாலார்க்கு அஃதின்று தோன்றுவதில்லை. ‘அன்விட்டிங்’ என்றால் அறியாது செய்தல். ‘ஃபைவ் விட்சு’ என்றால் ஐம்புலன் என்று ஒருகாலத்தில் பொருள். அறிவைக் குறித்த ‘விட்’ என்னும் பெயரோ நகைச்சுவைப் பேச்சுத்திறன் என்று பெரிதும் சுருங்கிற்று. அறிவன் என்று பொருள்பட்ட ‘விசார்டு’ மாயக்காரன் ஆயினான். இவையெல்லாம் தாயை அறியாப் பிள்ளைகள். இன்னொரு புதுமையும் உண்டு. வழிகாட்டி என்னும் பொருளில் ஆங்கிலேயர் பிரெஞ்சினின்று கடன்பெற்ற ‘கைடு’ என்னும் சொல்லும் பழஞ் செருமானியக் கிளையில் இதே வேரிற் பிறந்ததே என்பர் சொல்லாய்வார். தம் குடிப்பிள்ளையே அயலுடை உடுத்து வந்தபோது, அவர்கள் அதனை விருந்தினன் என்று வரவேற்றனர்!

ஆங்கிலத்திலும் தம்மொழி காக்க முனைந்தோர் இலரோ எனின், இருந்தனர். 1557இல் மறைந்த கேம்பிரிட்சுக் கிரேக்கப் பேராசிரியர் சான் சீக்கு, கடன்கொள்ளாத் தூய ஆங்கிலம் வேண்டும் என்றார். விவிலியப் பகுதியைப் பெயர்க்கையில் நூற்றுவர் தலைவனுக்கு ‘அண்டிரெடர்’ என்று ஆங்கில வேரிலேயே சொல் படைத்தார். தார்செட்டுப் பாவலரும் பள்ளியாசிரியருமான வில்லியம் பார்ன்சு (1801-1886), 1878இல் வெளியிட்ட தம் நூலுக்கு ‘கிராமர்’ என்று பெயரிடாது ‘பேச்சுக்கலை’ என்று பொருள்படும் ‘இசுபீச்சு கிராஃப்டு’ என்னும் சொல்லையே இட்டார். பலர் ஏறிச்செல்லும் பேருந்து வண்டிக்கு ‘ஃபோக்வைன்’, மக்கள்வண்டி, என்று பெயர் தந்தார். அச்சொல் நிலைக்கவில்லை. ஆனால் 1846இல் வில்லியம் தாம்சு என்பார் படைத்த ‘ஃபோக்லோர்’ உலகெங்கும் பரவிற்று. இரண்டிலும் முதற்சொல் ஒன்றே. இரண்டாம் சொல்லாகிய ‘வைன்’ முன்னரே பெரும்பாலார் நாவை விட்டு நீங்கியிருந்தது. ‘லோர்’ இன்னும் மூச்சுவிட்டுக்கொண்டிருந்தது. சொல் நிலைப்பதற்குப் பிற கரணியங்களும் உண்டு. எனினும் உயிருள்ள உறுப்புகளால் ஆன சொல்லே எளிதில் வாழும் என்பது இதனால் விளங்கும்.

‘இன்விட்’ மீண்டும் ஒருமுறை தலைகாட்டிற்று. 1922இல் வெளிவந்த தம் ‘யுலிசிசு’ என்னும் புதினத்தில் அயர்லாந்து எழுத்தாளர் சேம்சு சாய்சு, மைக்கேல் துறவியின் நூற்பெயரைப் பன்முறை எடுத்தாண்டார். படித்தோர் வியந்தனர். ஆயினும் அருங்காட்சியகத்து வாளைக் கண்டு வியப்பது வேறு. வாள் கையில் இருப்பது வேறு.

தமிழன்பர்களே! இவ்வரலாறு தமிழர்க்குக் கூறும் பாடம் யாது? தனித்தமிழ்த் தொண்டர் புதுப்பெயர் படைப்பதில் பேரூக்கம் காட்டினர், பயனும் விளைந்தது. ‘மனச்சாட்சி’ என்ற இடத்தில் ‘மனச்சான்று’ என்று எழுதுவோர் இன்று பலர். நன்று. ஆனால் வினையின் நிலை என்ன? ‘குக் பண்ணினேன்’, ‘திங்க் பண்ணு’, ‘வெயிட் பண்ணுங்கள்’ என்று வீடுதோறும் ஒலிக்கின்றதே! சமைத்தல், எண்ணுதல், காத்திருத்தல் என்பவை அருஞ்சொற்களா? அல்லவே. ‘பண்ணு’ என்னும் ஒருவினை, ஆங்கிலத்தில் ‘நோ’ மூவர் பணியை விழுங்கினாற்போல, நூறு வினைகளின் பணியை விழுங்கிக்கொண்டிருக்கின்றது. எண்ணு என்னும் வினை நாவினின்று நீங்கிய பின்னர், எண்ணம் என்னும் பெயர் எத்தனை தலைமுறை பேசும்? அறி என்பதை மறந்த பிள்ளைக்கு அறிவும் அறிஞரும் அறிக்கையும் ஒரு குடும்பம் என்று யார் காட்டுவர்?

பெயர்ச்சொல்லை அரசாணை காக்கலாம், பெயர்ப்பலகை காக்கலாம், அகரமுதலியும் காக்கலாம். வினைச்சொல்லைக் காப்பது நாவொன்றே. அது தாயின் அடுக்களையிலும், தந்தையின் திண்ணையிலும், ஆசிரியரின் வகுப்பறையிலும் நாள்தோறும் காக்கப்படுவது. அதற்குப் பொருட்செலவு இல்லை, குழு வேண்டா, ஆணை வேண்டா.

‘விட்’ என்னும் வினை வழக்குமன்றத் தாளில் ஈரெழுத்தாய்க் கிடக்கின்றது. தமிழ்வினை ஒன்றேனும் அந்நிலை எய்தலாகாது. இன்றிரவு வீடு திரும்பியதும் பிள்ளைகளிடம் ‘திங்க் பண்ணிச் சொல்’ என்னாது, ‘எண்ணிச் சொல்’ என்று சொல்லுங்கள். தொண்டு அங்கே தொடங்கட்டும்.

வாழ்க தமிழ்!