மானம் யாருக்குப் போனது?

(அம்பாசமுத்திரம் வட்டாரத்தில் விவசாயக் கூலிப் பெண்களும் பீடி சுற்றும் பெண்களும் கூடியிருந்த கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



பொம்பளைங்க சமாச்சாரம், நாம வெளிய போயிருவோம்னு கிளம்பின ஆம்பளைங்களை இருங்கன்னு சொன்னது நான்தான். இதைச் செய்றவன் ஆம்பளை. பஞ்சாயத்துல உக்காந்து பேசி முடிக்கிறவனும் ஆம்பளை. கேக்குறதுக்கு மட்டும் பொம்பளைங்கன்னா அது என்ன நியாயம்?

நம்ம மேடைகளில் பாலியல் வன்கொடுமையைப் பற்றிப் பேச ஒரு முறை வைத்திருக்கிறோம். எந்த ஊர், எந்தச் சாதிக்காரன், எந்த ஸ்டேசன், எத்தனை பேர் கைது என்று பேசுவோம். கண்டனத் தீர்மானம் போடுவோம். சுவரொட்டி ஒட்டுவோம். இதெல்லாம் வேண்டியதுதான். ஆனால் அந்தச் சுவரொட்டி மழையில் கரைந்த பிறகும் அந்தப் பெண் முப்பது வருசம், நாற்பது வருசம் உயிரோடு இருக்கிறாளே, அந்த வாழ்க்கையைப் பற்றி நாம பேசினதில்லை. இன்னைக்கு அதைத்தான் பேச வந்திருக்கிறேன்.

முதலில் கணக்கு. 2007இல் மத்திய அரசின் பெண்கள், குழந்தைகள் மேம்பாட்டு அமைச்சகம் ஓர் ஆய்வை வெளியிட்டது. 13 மாநிலங்களில் 12,447 பிள்ளைகளிடம் பேசினார்கள். நூற்றுக்கு 53 பிள்ளைகள் ஏதோ ஒரு வகையில் பாலியல் தொந்தரவுக்கு ஆளானதாகச் சொன்னார்கள். அதில் பாதிக்கும் மேல் ஆண்பிள்ளைகள். பெரும்பாலான பிள்ளைகள் அதுவரைக்கும் யாரிடமும் வாய் திறந்ததில்லை. தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2019ஆம் வருசக் கணக்கில், தலித் பெண்கள், சிறுமிகள் மீதான வல்லுறவு வழக்குகள் 3,486. ஒரு நாளைக்கு ஒன்பதுக்கு மேல். இது வழக்கானது மட்டும். வல்லுறவு வழக்குகளில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் குற்றவாளி அவளுக்கு முன்பே தெரிந்தவன் என்றும் அதே காப்பகம் வருசா வருசம் சொல்கிறது. இருட்டுல எவனோ வந்து பாஞ்சான் என்பது சினிமாவில்தான் அதிகம். நிஜத்தில் அவன் பேர் தெரியும், வீடு தெரியும், மறுநாளும் அவன் முகத்துலதான் முழிக்கணும்.

நம்ம ஆத்துப் பாசனத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பாபநாசத்தில் இறங்கிப் புன்னைக்காயலில் கடலில் சேர்கிற வரைக்கும் தாமிரபரணியில் எட்டு அணைக்கட்டு. கார், பிசானம் என்று இரண்டு போகம். எத்தனை கோட்டை நெல் விளைந்தது, யாருக்கு எத்தனை மரக்கால் என்பதற்குக் கோயிலிலும் மடத்திலும் பண்ணை வீட்டிலும் கணக்கு எழுதி வைத்தார்கள். நடவு நட்டவளைக் கூலி அளக்கிற நேரத்தில் களத்தில் கடைசி ஆளாக நிறுத்தி வைத்தானே, எதுக்காக நிறுத்தினான் என்பதற்கு எந்த ஏட்டிலும் வரி கிடையாது. எங்க அம்மா வயசுப் பெண்களுக்கு இதை நான் சொல்லி விளக்க வேண்டியதில்லை.

இப்ப வயல் வேலை குறைஞ்சிட்டுது. ஆனால் அந்தக் கடைசி ஆளு இன்னும் நிக்கிறா. பீடிக்கடையில் தரம் பார்க்கிறவன் ஒருத்தி பீடியை மட்டும் கழிச்சுக் கழிச்சுப் போடுவான். ஏன் கழிக்கான்னு அவளுக்குத் தெரியும், வரிசையில் நிக்கிறவங்களுக்கும் தெரியும். மூணு வருசம் வேலை பாத்தா கல்யாணத்துக்கு மொத்தமா ஒரு தொகை என்று சொல்லி, சுமங்கலித் திட்டம் என்று பேர் வைத்து, நம்ம பிள்ளைகளை வேன் வேனாகக் கோயம்புத்தூர், திருப்பூர், திண்டுக்கல் மில்களுக்கு ஏற்றிக்கொண்டு போனார்கள். விடுதிக்குள் அடைத்து வைத்து, வீட்டுக்குப் போன் பேசினால்கூடப் பக்கத்தில் ஆள் நிற்கிற இடத்தில் அந்தப் பிள்ளை எதைச் சொல்லும்? பாதியில் திரும்பி வந்த பிள்ளையைத்தான் ‘என்னட்டி செஞ்சே?’ என்று கேட்டோம். ‘உன்னை என்னம்மா செஞ்சாவ?’ என்று கேட்கவில்லை.

1999 ஜூலை 23இல் மாஞ்சோலைத் தொழிலாளர்களுக்காக ஊர்வலம் போன நம்ம சனங்களைப் போலீஸ் ஆத்துக்குள் விரட்டி அடித்ததில் 17 உயிர் போனது. வருசா வருசம் கொக்கிரகுளத்தில் அந்த ஆத்தில் பூப்போடுகிறோம். அது நம்ம கடமை. செத்தவர்களுக்கு ஒரு தேதி இருக்கிறது, ஓர் எண்ணிக்கை இருக்கிறது. உயிரோடு இருந்துகொண்டு தினம் தினம் செத்துப் பிழைக்கிறவளுக்குத் தேதி கிடையாது.

அவளுக்கு என்ன ஆகிறது? 1974இல் அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்தில் பர்ஜஸ், ஹோல்ம்ஸ்ட்ரோம் என்று இரண்டு பெண்கள், வல்லுறவுக்கு ஆளாகி ஆஸ்பத்திரிக்கு வந்தவர்களோடு உட்கார்ந்து பேசி எழுதினார்கள். தூக்கம் வராது, வந்தால் கெட்ட கனவு. பின்னால் யாராவது வந்தால் உடம்பு தூக்கிப் போடும். சாப்பாடு இறங்காது. தலைவலி, வயித்துவலி. அந்த இடத்தின் பக்கமே போக முடியாது. போர்முனையிலிருந்து திரும்பிய சிப்பாய்களிடம் கண்ட அதே கோளாறுதான் இது என்று பின்னால் மருத்துவம் ஒத்துக்கொண்டது.

பாஸ்டன் வரைக்கும் போவானேன்? நம்ம தெருவிலேயே இதெல்லாம் பாத்திருக்கோமே. நாம வைத்த பேர் வேற. பேய் பிடிச்சிருக்கு என்றோம். பதிமூணு பதினாலு வயசுப் பிள்ளை திடீர்னு பேச்சை நிறுத்தும், ராத்திரி அலறும், ஓடைப் பக்கம் போக மாட்டேங்கும். உடனே வேப்பங்குழை அடி. உவரிக்கும் புளியம்பட்டிக்கும் கூட்டிப்போய் அந்தோணியார் கோயிலில் வாரக்கணக்கில் கிடப்போம். எந்தப் பேய்னு கோடாங்கி கேப்பான். அந்தப் பிள்ளை பேரைச் சொன்னாலும் செத்தவன் பேராத்தான் சொல்லணும். உயிரோட இருக்கிறவன் பேரைச் சொல்ல அங்க இடம் இல்லை. அந்தப் பேய் சில சமயம் பக்கத்து வீட்டுத் திண்ணையில் வெத்தலை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கும்.

இன்னொன்றையும் கவனியுங்கள். நம்ம பக்கத்துக் கொடையில் வில்லுப்பாட்டுக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம. பீடத்தில் நிற்கிற எத்தனையோ அம்மன்கள் கொல்லப்பட்ட பெண்கள், மோசம் செய்யப்பட்ட பெண்கள், வயித்துப் பிள்ளையோடு சாகடிக்கப்பட்ட பெண்கள். ஊர் அவர்களுக்குப் பயந்து பொங்கல் வைக்கிறது. செத்த பிறகு தெய்வம் என்று கும்பிடுகிற ஊர், உயிரோடு வந்து ‘எனக்கு இப்படி நடந்துபோச்சு’ என்று சொல்கிறவளைக் கெட்டுப்போனவள் என்கிறது. அப்படியானால் நியாயம் வேண்டுமென்றால் அவள் சாகணுமா?

நான் சொல்ல வந்த விசயம் இதுதான் தோழர்களே. அவன் செய்தது சில நிமிசம். அதை ஆயுள் முழுக்க நீட்டுவது நாம. ‘மானம் போச்சு’ என்று ஒரு வார்த்தை வைத்திருக்கிறோம் பாருங்கள், அதில்தான் நீளுகிறது. திருடினவனுக்குத்தான் திருடன் என்று பேர், பறிகொடுத்தவனுக்கு இல்லை. இதில் மட்டும் செய்தவன் மானத்தோடு திரிவான், செய்யப்பட்டவளுக்கு மானம் போனதாம். ஊருடைய மானத்தை, சாதியுடைய மானத்தை, குடும்பத்துடைய மானத்தை ஒரு பெண்ணுடைய உடம்பில் கொண்டுபோய் வைத்தது யார்? சாதிதான். சாதி ரத்தத்தைக் காப்பாத்தப் பெண்ணுக்கு வேலி போட்டது. தன் வீட்டுப் பெண்ணுக்கு வேலி போட்ட அதே சாதிதான் நம்ம பெண்களைத் திறந்த வயல் என்றது. அந்தச் சாதி கொடுத்த மானத்தை நாம எதுக்குச் சுமக்கணும்?

சட்டமும் நீதிமன்றமும் இதற்கு வெளியே இல்லை. 1972இல் மகாராஷ்டிராவில் ஓர் ஆதிவாசிச் சிறுமியைப் போலீஸ் ஸ்டேசனுக்குள்ளேயே கெடுத்தார்கள். உடம்பில் காயம் இல்லை, அதனால் சம்மதம்தான் என்று சொல்லி 1978இல் உச்சநீதிமன்றமே போலீஸ்காரர்களை விடுதலை செய்தது. பெண்கள் தெருவில் இறங்கிப் போராடித்தான் 1983இல் சட்டம் திருந்தியது. 1992இல் ராஜஸ்தானில் குழந்தைத் திருமணத்தைத் தடுக்கப் போன பன்வாரி தேவியைக் கூட்டாக வல்லுறவு செய்தார்கள். மேல்சாதிக்காரன் கீழ்சாதிப் பெண்ணைத் தொட்டிருக்க மாட்டான் என்கிற தோரணையில் 1995இல் ஜெய்ப்பூர் நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. தண்ணிக் குடத்தைத் தொட்டா தீட்டு என்கிறவனுக்கு இதில் தீட்டுக் கிடையாது என்று நம்ம பாட்டிமாருக்குத் தெரியும். நீதிபதிக்குத் தெரியவில்லை.

நம்ம சென்னை உயர்நீதிமன்றத்திலேயே 2015 ஜூனில் என்ன நடந்தது? சிறுமியாக இருந்தபோது கெடுக்கப்பட்டுப் பிள்ளை பெற்ற ஒரு பெண்ணின் வழக்கில், குற்றவாளிக்கு ஜாமீன் கொடுத்து, அந்தப் பெண்ணோடு சமரசம் பேசச் சொன்னார்கள். நம்ம கட்டப்பஞ்சாயத்து ‘அவனுக்கே கட்டி வச்சிருவோம்’ என்று சொல்லுமே, அதேதான், கறுப்புக் கோட்டு போட்டுக்கொண்டு. அந்தப் பெண் முடியாது என்றாள். ஜூலையில் உச்சநீதிமன்றம் வேறொரு வழக்கில் இந்தக் குற்றத்தில் சமரசத்துக்கே இடமில்லை என்று கண்டித்த பிறகுதான் அந்த உத்தரவைத் திரும்பப் பெற்றார்கள். படிப்பறிவு, பதவி, பணம் எதுவும் இல்லாமல் முடியாது என்று சொன்னாளே, அவளுக்கு இந்தக் கூட்டத்தின் வணக்கம்.

2012 டிசம்பர் 16இல் டெல்லியில் நடந்தது உலகத்துக்கே தெரியும். நாலே நாள் கழித்து, டிசம்பர் 20ஆம் தேதி, நம்ம ஸ்ரீவைகுண்டம் பக்கத்தில், பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பி ரயிலைப் பிடிக்கத் தனியாக நடந்துபோன ஏழாம் வகுப்புச் சிறுமி கொல்லப்பட்டாள். டெல்லிக்கு மெழுகுவர்த்தி ஏத்தினவங்கள்ல எத்தனை பேருக்கு இது தெரியும்? டெல்லிப் பெண்ணுக்காக அழுதது தப்பில்லை. ஆனால் கண்ணீர்கூடப் பட்டணம் பார்த்துத்தான் விழுகிறது.

இது வரைக்கும் நான் சொன்னதுக்குக் கை தட்டினீங்க. இனிச் சொல்லப் போறதுக்குத் தட்ட வேண்டாம், யோசிச்சாப் போதும். சாதி இந்து செய்தால் வன்கொடுமை என்கிறோம். நம்ம தெருவுக்குள்ள, சித்தப்பன் செய்தால், மாமன் செய்தால், டியூசன் எடுக்கிற அண்ணன் செய்தால், கொடி பிடிச்சு முன்னால நடக்கிறவன் செய்தால், அப்ப மட்டும் ‘நமக்குள்ள பேசி முடிச்சுக்கலாம்’ என்கிறோம். வெளிய தெரிஞ்சா சமுதாயத்துக்குக் கேவலம், எதிரிக்கு வாய்ப்பாப் போயிரும், ஒற்றுமை கெட்டுரும் என்கிறோம். எந்த ஒற்றுமை? ஒரு பிள்ளையின் வாயைப் பொத்தித்தான் நிக்கும் என்றால் அந்த ஒற்றுமையை வைத்துக்கொண்டு எந்த விடுதலையைக் கொண்டு வரப் போறோம்? பண்ணையார் களத்தில் கடைசி ஆளாக நிறுத்தினதைத் தப்பு என்கிறவன், தன் வீட்டுக்குள் யாரை நிறுத்தி வைத்திருக்கிறான் என்று பார்க்கணும்.

நடக்காததைச் சொல்லவில்லை, நடந்ததைச் சொல்கிறேன். வாச்சாத்தி. தருமபுரி மாவட்டத்து மலையடிவாரத்தில் பழங்குடி ஊர். 1992 ஜூன் 20இல் சந்தனமரம் தேடுகிறோம் என்று வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் புகுந்தார்கள். 18 பெண்களை வல்லுறவு செய்தார்கள். ஊரைச் சூறையாடி, பெண்களையும் பிள்ளைகளையும் ஜெயிலில் அடைத்தார்கள். வழக்கில் 269 பேர். விசாரணை முடிவதற்குள் 54 பேர் செத்தே போனார்கள். 2011 செப்டம்பர் 29இல் மிச்சமிருந்த 215 பேரும் குற்றவாளிகள் என்று தீர்ப்பு வந்தது. 17 பேர் மீது வல்லுறவுக் குற்றம் உறுதியானது. அப்பீலில் 2023இல், அதே செப்டம்பர் 29ஆம் தேதி, உயர்நீதிமன்றம் அந்தத் தண்டனையை உறுதி செய்தது. வல்லுறவுக்கு ஆளான பெண்களுக்கு 10 லட்சம் கொடு, அதில் பாதியைக் குற்றவாளிகளிடம் வாங்கு என்றது. 31 வருசம்! அந்தப் பெண்களுக்கு அது எவ்வளவு பெரிய தண்டனை! ஆனாலும் நின்றார்கள். எப்படி நின்றார்கள்? மலைவாழ் மக்கள் சங்கமும் இடதுசாரித் தோழர்களும் கூட நின்றார்கள் என்பது ஒரு காரணம். அந்த ஊர் அந்தப் பெண்களைக் கைவிடவில்லை என்பது பெரிய காரணம். மானம் போனது சர்க்காருக்கு என்று அந்த ஊர் நினைத்தது.

அதனால நாம செய்ய வேண்டியதைச் சொல்லி முடிக்கிறேன்.

பிள்ளை சொன்னால் முதலில் நம்புங்கள். ‘நீ ஏன் அங்க போன’ என்று கேட்காதீர்கள். ‘உன்மேல தப்பில்ல’ என்ற ஒரு வார்த்தை போதும், பாதி நோய் அதில் ஆறும்.

இதில் பஞ்சாயத்துக் கிடையாது. 2012இல் வந்த போக்சோ சட்டப்படி, பதினெட்டு வயதுக்குக் கீழே உள்ள பிள்ளைக்கு நடந்தது தெரிந்தும் மறைக்கிறவன் ஜெயிலுக்குப் போக வேண்டியவன். அபராதம் போட்டு முடித்து வைக்கிற நாட்டாமைக்கும் அது பொருந்தும். அந்தப் பிள்ளையை ஸ்டேசனுக்கு இழுக்கக் கூடாது. பெண் அதிகாரி சாதா உடுப்பில் வீட்டுக்கு வந்து வாக்குமூலம் வாங்கணும். 1098 என்று அடித்தால் குழந்தைகளுக்கான உதவி கிடைக்கும்.

சாதி இந்து செய்திருந்தால் 1989ஆம் வருச வன்கொடுமைச் சட்டத்தையும் முதல் தகவல் அறிக்கையிலேயே சேர்க்கச் சொல்லுங்கள். டி.எஸ்.பி.தான் விசாரிக்கணும். 2016 விதிப்படி வல்லுறவுக்கு 5 லட்சம் நிவாரணம். மருத்துவப் பரிசோதனை முடிந்ததும் பாதி வந்தாகணும். அது பிச்சை இல்லை, விலையும் இல்லை. எந்த ஆஸ்பத்திரியானாலும் இலவசமாகப் பார்க்கணும். அந்த இரண்டு விரல் பரிசோதனையைச் செய்கிற டாக்டர் ஒழுங்கீனக் குற்றவாளி என்று 2022இல் உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது.

கோயிலுக்குக் கூட்டிப்போங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் ஐகிரவுண்டு ஆஸ்பத்திரியில் மனநல டாக்டரையும் பாருங்கள். இருபது வருசம் கழித்துப் போனாலும் பலன் உண்டு.

வேலை செய்கிற இடத்தில் சங்கம் வேண்டும். திண்டுக்கல் பக்கம் ஓர் ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் வேலை பார்த்த தலித் பெண் 2021 ஜனவரியில் மேற்பார்வையாளனால் கொல்லப்பட்ட பிறகு, தலித் பெண்கள் முன்னால் நிற்கிற ஒரு தொழிற்சங்கம் விடாமல் போராடி, 2022இல் கம்பெனியிடமும் வெளிநாட்டுத் துணி வியாபாரிகளிடமும் ஒப்பந்தம் வாங்கியது. புகார் சொன்னவளை வேலையைவிட்டுத் தூக்க முடியாது என்று எழுத்தில் வாங்கினார்கள். பீடிக்கடைக்கு அது ஏன் முடியாது?

கடைசியாக, இந்தக் கூட்டத்தில் ஒரு தீர்மானம் கேட்கிறேன். நம்ம இயக்கத்தில் இருக்கிற எவரும், எந்த ஊரிலும், இந்தக் குற்றத்துக்குப் பஞ்சாயத்துப் பேச உட்காரக் கூடாது. உட்கார்ந்தால் அவர் எவ்வளவு பெரிய பொறுப்பில் இருந்தாலும் அன்றைக்கே வெளியே. ஆண் தோழர்கள் முதலில் கை தூக்குங்கள்.