படம் பிடிப்பது யார்?



சினிமாவைப் பற்றிப் பேச வந்திருக்கிறோம் என்றதும், நட்சத்திரங்களைப் பற்றியும் பாட்டுகளைப் பற்றியும் பேசப்போவதாக நினைத்துவிட வேண்டாம். கானடா தேசத்து ஆதிக்குடி மாதொருவர், உள்ளதை உள்ளபடி காட்டும் படங்களைக் கொண்டே அரை நூற்றாண்டுக்கு மேல் செய்து வந்திருக்கும் வேலையைப் பற்றியே பேசப்போகிறோம். அவர் பெயர் அலனிஸ் ஒபோம்சாவின். 1932-ல் பிறந்த இவர் அபெனாக்கி என்னும் குடியைச் சேர்ந்தவர்; கியூபெக் மாகாணத்து ஒடனாக்கில் வளர்ந்தவர்.

சிறு வயதில் அவர் வெள்ளையர் பள்ளிக்கூடத்தில் படித்தபோது, சரித்திரப் பாடத்தில் அவருடைய முன்னோர்கள் காட்டுமிராண்டிகள் என்று எழுதியிருந்தது. அந்தப் பாடம் முடிந்ததும் மற்றப் பிள்ளைகள் தன்னை அடிப்பார்கள் என்று அவரே சொல்லியிருக்கிறார். தோழர்களே! எழுதினவனையும், அதைப் பாடமாக வைத்தவனையும் விட்டுவிட்டு, அடித்த பிள்ளைகளை மட்டும் கோபித்து என்ன பிரயோசனம்?

நிற்க, 1960-களில் அவர் பாடகியாயிருந்தார். ஒடனாக் பிள்ளைகள் குளித்த ஆறு அசுத்தப்பட்டுவிட்டது. பக்கத்து ஊர் நீச்சல் குளத்திலோ அவர்களுக்கு இடமில்லை. அவர் யாரையும் கெஞ்சவில்லை. கச்சேரி செய்து பணம் சேர்த்து, தங்களுக்கென்று ஒரு குளம் கட்ட முனைந்தார். அதை டெலிவிஷனில் பார்த்துத்தான் கானடா தேசிய சினிமா போர்டார் 1967-ல் அவரை ஆலோசகராக அழைத்தார்கள்.

அவருடைய முதற்படம் 1971-ல் வந்தது. வீட்டைப் பிரித்து விடுதிப் பள்ளியில் வைக்கப்பட்ட கிரீ குடிப் பிள்ளைகள் தாங்களே வரைந்த சித்திரங்களையும், அவர்கள் சொன்ன கதைகளையும் கொண்டே அதை எடுத்தார். இப்படிப்பட்ட பள்ளிகளின் உத்தேசமே பிள்ளை தன் பாஷையையும் குலத்தையும் மறக்க வேண்டுமென்பதுதான். இதற்காகக் கானடா பிரதம மந்திரி 2008-ல் பார்லிமெண்டில் மன்னிப்புக் கேட்டார். அந்த மன்னிப்புக்கு முப்பத்தேழு வருஷம் முன்பே அப்பிள்ளைகளைப் பேசவிட்டவர் இவர்.

1981-ல் ரெஸ்டிகூஷ் என்ற இடத்தில், மிக்மாக் மக்கள் ஆற்றில் சால்மன் மீன் பிடிப்பதைக் குறைக்கக் கியூபெக் சர்க்கார் நூற்றுக்கணக்கான போலீசாரை ஏவிற்று. தங்கள் பிரெஞ்சு பாஷைக்கும் மாகாணத்துக்கும் சுதந்திரம் வேண்டுமென்று ஓட்டுக் கேட்ட அதே சர்க்கார்தான் இது! தனக்கு வேண்டுமென்கிற உரிமை, தனக்குக் கீழே இருப்பவனுக்கு மட்டும் வேண்டாம் போலும். ஒபோம்சாவின் அந்த மந்திரியையே எதிரில் உட்கார வைத்துக் கேள்வி கேட்டார். அதுவும் 1984-ல் வெளிவந்த படத்தில் இருக்கிறது.

1990-ல் ஓகாவில், 9 குழி கோல்ஃப் மைதானத்தை 18 குழியாக்க, மோஹாக் மக்களின் தோப்பையும் இடுகாட்டையும் ஒட்டிய நிலத்தைக் கேட்டார்கள். 1717-ல் பிரெஞ்சு ஆட்சியார் ஒரு பாதிரிச் சங்கத்துக்கு அளித்தது முதல் தொடர்ந்த நில வழக்கு அது. மக்கள் வழிமறித்தார்கள்; போலீஸ் பாய்ந்தது; அதில் ஒரு போலீஸ்காரர் மாண்டார்; பிறகு பட்டாளமும் வந்தது. 78 நாள் நீடித்த அந்த முற்றுகைக்குள் ஏறக்குறைய முடிவுவரை இருந்து அவர் எடுத்த படம் 1993-ல் வந்தது. சர்க்கார் பணத்தில் நடக்கும் போர்டிலிருந்தே சர்க்கார் பட்டாளத்தைப் படம் பிடித்தார் என்பதையும் கவனியுங்கள்.

"இது ஒருதலைப் பட்சமல்லவா?" என்று சிலர் கேட்கலாம். இருநூறு வருஷம் ஒருதலையாக எழுதிய சரித்திரத்தை நடுநிலை என்று படித்தவர்களுக்கு, மறுதலை பேசியதும்தான் நடுநிலை ஞாபகத்துக்கு வருகிறது! அவருடைய வழக்கமோ, முதலில் காமிராவை வெளியே வைத்துவிட்டு, ஒலிப்பதிவுக் கருவியோடு மட்டும் போய் உட்கார்ந்து, எதிரிலிருப்பவர் சொல்வதைக் கேட்பது. கேட்காமலே எழுதினவர்களைவிட இவருக்கு யோக்கியதை அதிகமா இல்லையா என்று நீங்களே சொல்லுங்கள்.

கலாசாரம் என்றால் பழம் பெருமையைக் கட்டி அழுவது என்று நம்மில் பலர் எண்ணுகிறோம். அம்மக்கள் கேட்டதோ நிலம், மீன், தங்கள் பிள்ளைகள். மனிதனாக வாழ வேண்டியவைகளை ஒருவன் இழந்தால், அவன் பெயரையும் கதையையும் பிறர் எழுதத் தொடங்கிவிடுகிறார்கள். ஆதலால் எந்தப் புத்தகத்தைப் படித்தாலும், எந்தப் படத்தைப் பார்த்தாலும், இதைச் சொல்லுகிறவன் யார், யாரைக் கேட்டுச் சொல்லுகிறான் என்று கேட்டுப் பாருங்கள் என்று சொல்லி முடித்துக் கொள்ளுகிறோம்.